பிரிவு 11

இரவு ஒன்பது பதினாலுக்கு வந்தது:
"நாளையிலிருந்து வர வேண்டாம்."
வணக்கம் இல்லை, காரணம் இல்லை,
கீழே கம்பெனியின் மாம்பழ முத்திரை மட்டும்.

காவேரிப்பட்டணம் சாலையில் அந்தக் கூழ் ஃபேக்டரி.
அதன் பாய்லரை ஆறு சீசன் பார்த்தவன் நான்.
ஒப்பந்தத்தை எடுத்துப் புரட்டினேன்.
எண்ணெய்க் கை பட்ட ஏழாம் பக்கம், பிரிவு 11:
எந்தத் தரப்பும் விலகலாம்,
முப்பது நாள் முன்னதாக எழுத்தில் அறிவித்து.
முப்பது நாளை
ஒரு நாளையாக்கிவிட்டார்கள்.

மூன்று பில் பாக்கி.
ஒரு லட்சத்து எண்பத்தாறாயிரத்து நானூறு.
வராத அந்தப் பணத்துக்கு
ஜிஎஸ்டி நான் கட்டியாயிற்று.
அரசாங்கத்தின் கணக்கில்
நான் வாங்கிவிட்ட ஆள்.

மறுநாள் ஏழரைக்குப் போய் நின்றேன்.
கேட்டில் மல்லேசன்.
"உள்ள விடக் கூடாதுன்னு ஆர்டர் சார்."
"விட வேண்டாம். நோட்டை மட்டும் குடு."
பெயர்: சென்றாயன். நோக்கம்: வேலை.
உள்ளே போன நேரம்: ஒரு கோடு.
வெளியே வந்த நேரம்: இன்னொரு கோடு.
செல்லில் ஒரு படம். வண்டியைத் திருப்பினேன்.

அடுத்த நாளும். அதற்கடுத்த நாளும்.
பெங்களூரா ஏற்றிய டிராக்டர்கள்
என்னைத் தாண்டி உள்ளே போயின.
கொட்டைக் குவியல் புளித்து ஈ மொய்த்தது.
ஒன்பதாம் நாள் நல்ல மழை;
மல்லேசன் குடையை விரித்து
நோட்டுக்குப் பிடித்தான், எனக்கில்லை.
அவன் செக்யூரிட்டி ஏஜென்சி ஆள்.
ரெண்டு மாசச் சம்பளம் வரவில்லை என்று
சொல்லவில்லை, பீடி கேட்டான்.

பதினேழாம் நாள்
சுவருக்கு அந்தப் பக்கம் பம்ப் இருமியது.
வறட்டு இருமல். ஆறு வருஷம் கேட்ட காது.
பேசாமல் வந்திருக்கலாம்.
நோக்கம் என்ற கட்டத்தில்
'வேலை'யை அடித்துவிட்டு எழுதினேன்:
ஃபீட் பம்பில் காற்று. கண்ணாடியில் தண்ணீர் பாருங்கள், உடனே.
மல்லேசன் நோட்டோடு ஓடினான்.
பத்து நிமிஷத்தில் சத்தம் சீரானது.
யாரும் வெளியே வரவில்லை.
நோட்டு மட்டும் வந்தது.

கிருஷ்ணகிரி கோர்ட்டுக்கு எதிரே
ஜெராக்ஸ் கடை மாடியில் வக்கீல் நசீமா
முப்பது படத்தையும் விரலால் பெரிதாக்கிப் பார்த்து
பதினேழில் நின்றார்.
"இதுக்கு பில் போட்டீங்களா?"
"இல்லைங்க."
"போடாதது நல்லதாப் போச்சு," என்றார்,
டைப் அடிக்கத் தொடங்கினார்.

பதிவுத் தபால். ஒப்புகை அட்டை
பன்னிரண்டாம் நாள் திரும்பியது,
ரப்பர் முத்திரையோடு,
ஓரத்தில் மஞ்சளாய் ஒரு விரல் கறை.
அதன்பின் போன், அதன்பின் 'பேசித் தீர்ப்போம்',
ஐம்பது நாள் இழுத்துப் பாதி வந்தது.
மீதிக்குத் தேதி போட்ட காசோலை.

வங்கியின் குறுஞ்செய்தியைத் தேடி
செல்லைத் தள்ளிக்கொண்டே போகையில்
அந்த இரவில் போய் விழுந்தேன்.
ஒன்பது பதினாலுக்கு எனக்கு வந்ததை
ஒன்பது இருபதுக்கு
திம்மராஜுக்குத் தள்ளியிருக்கிறேன்.
என் சொல் ஒன்றுகூடச் சேர்க்காமல்,
அந்த மாம்பழ முத்திரையோடு.

நாலு வருஷம் எனக்குச் சாம்பல் அள்ளியவன்.
அவனுக்கும் எனக்கும் நடுவே
ஏழாம் பக்கம் கிடையாது.
முதல் பக்கமே கிடையாது.

கூப்பிட்டேன். ஓசூரில் இருக்கிறான்,
பின்னால் ஏதோ மெஷின் இரைச்சல்.
என் குரல் கேட்டதும் அவன் கேட்டது:
"என்னண்ணே, இங்கயும் வர வேணாமா?"

"இல்லடா. அக்கவுண்ட் நம்பர் அனுப்பு."
"எதுக்கு?"
எங்கிருந்து சொல்லத் தொடங்குவது.
"பதினொன்னு," என்று வாயில் வந்துவிட்டது.

இரைச்சலுக்குள் கொஞ்ச நேரம் யோசித்தான்.
"பதினோராயிரமாண்ணே?
என் மாசச் சம்பளம் பதிமூணு."